தொடைக் காயமும் அதன் குறியீடும்

அரசாங்க மருத்துவமனையில் தங்கிச் சிகிச்சை பெற்றுத் திரும்பும் ஒருவருடைய மருத்துவப் பதிவேட்டில், நோயின் பெயருக்கு அருகே ஓர் ஆங்கில எழுத்தும் சில இலக்கங்களும் பதியப்படுவது வழக்கம். எஸ் 76.3 என்றோ, எம் 79.6 என்றோ அது இருக்கும். நோயாளி இதனைக் காண்பதே அரிது. கண்டாலும், மருத்துவமனையார் தம் வசதிக்காக இட்ட கோப்பு எண் என்று எண்ணிக்கொள்வதே இயல்பு. அது கோப்பு எண் அன்று. அவருக்கு நேர்ந்தது என்ன என்பதை உலகெங்கும் ஒரே பொருளில் உணர்த்தும் நோய்க் குறியீடு அது. மேலே காட்டிய இரண்டில் முன்னது, பின்தொடையின் தசையோ தசைநாணோ காயமுற்றது என்று கூறுகிறது. பின்னது, கையிலோ காலிலோ வலி என்பதற்கு மேல் ஒன்றும் கூறுவதில்லை. ஒரே மனிதருடைய ஒரே காயத்திற்கு இவ்விரண்டில் எது வந்து வாய்க்கும் என்பது, பல வேளைகளில், முதல் நாள் தோட்ட மருந்தகத்தில் சொல்லப்பட்டு எழுதப்படும் ஓரிரு சொற்களைப் பொறுத்ததாகவே இருக்கிறது. தோட்டப்புற மக்கள் இது குறித்துச் சிறிது தெரிந்து வைத்திருத்தல் நலம் என்று கருதியே இக்கட்டுரையை எழுதுகிறோம்.

இக்குறியீட்டு முறையின் வரலாறு நீண்டது. பாரிஸ் நகரப் புள்ளிவிவரத் துறையின் தலைவராக இருந்த ஜாக் பெர்த்தியோன் என்பவர், மரணத்தின் காரணங்களை வகைப்படுத்தும் பட்டியல் ஒன்றினை 1893ஆம் ஆண்டில் சிக்காகோவில் கூடிய அனைத்துலகப் புள்ளிவிவரக் கழகத்தின் முன் வைத்தார். தொடக்கத்தில் அது இறந்தோரைப் பற்றிய பட்டியலாகவே இருந்தது. 1948இல் உலகச் சுகாதார நிறுவனம் அதன் ஆறாம் திருத்தத்தை ஏற்று நடத்தத் தொடங்கியபோதுதான், உயிரோடிருப்போரின் நோய்களும் காயங்களும் அதில் முறையாக இடம்பெற்றன. பத்தாம் திருத்தம் 1990இல் ஏற்கப்பட்டது. பதினோராம் திருத்தம் 2022ஆம் ஆண்டு சனவரி முதல் நாள் நடப்புக்கு வந்துள்ளது எனினும், நாடுகள் அதற்குப் படிப்படியாகவே மாறுகின்றன. மருத்துவமனைகளில் நெடுங்காலம் வேரூன்றிய பத்தாம் திருத்தத்தைக் கொண்டே நாம் இங்கு விளக்குகிறோம்.

அம்முறையில் விபத்துக் காயங்கள் யாவும் எஸ், டி என்னும் இரு எழுத்துகளின் கீழ் அடங்கும். உடலின் பாகத்தை அடுத்து வரும் இலக்கங்கள் காட்டும். இடுப்புக்கும் தொடைக்கும் ஒதுக்கப்பட்டவை 70 முதல் 79 வரை. சிராய்ப்பும் கன்றிப்போதலும் எஸ் 70. பிளந்த காயம் எஸ் 71. தொடை எலும்பு முறிவு எஸ் 72. இடுப்பு மூட்டு நழுவுதலும் அதன் இணைநார் சுளுக்குதலும் எஸ் 73. அடுத்து வரும் மூன்றும் நாம் ஊன்றிக் கவனிக்க வேண்டியவை. எஸ் 74 என்பது நரம்புக் காயம். எஸ் 75 என்பது இரத்தக் குழாய்க் காயம். எஸ் 76 என்பது தசைக்கும் தசைநாணுக்கும் நேரும் காயம்.

நரம்பு என்னும் சொல்லை நம் மக்கள் எப்படி வழங்குகிறார்கள் என்பதை இங்கு எண்ணிப் பார்க்க வேண்டும். “நரம்பு இழுத்துக்கொண்டது”, “நரம்பு பிசகிவிட்டது”, “நரம்பு புடைத்துக்கொண்டு நிற்கிறது” என்று மூன்று விதமாகச் சொல்கிறோம். முதலாவதில் குறிப்பது தசை, இரண்டாவதில் தசைநாண், மூன்றாவதில் இரத்தக் குழாய். மூளையிலிருந்தும் முதுகுத் தண்டிலிருந்தும் உணர்ச்சியைக் கொண்டு செல்லும் உண்மையான நரம்பை இம்மூன்றிலும் நாம் குறிப்பதே இல்லை! இக்குழப்பம் தமிழுக்கு மட்டும் உரியதன்று. மலாய் மொழியின் ஊராட் என்னும் சொல்லும் இவை அனைத்தையும் ஒருசேரக் குறிக்கக் கூடியதே. தமிழில் நரம்பு என்று சொல்லப்பட்டது மலாயில் ஊராட் ஆகி, அங்கிருந்து ஆங்கிலத்தில் எழுதப்படும்போது, தசை கிழிந்தவர் நரம்புக் கோளாறு உடையவராகக் காட்சியளிப்பதற்கு இடமுண்டு.

கால் என்னும் சொல்லும் அத்தகையதே. இடுப்புக்குக் கீழே பெருவிரல் நுனி வரை எல்லாமே நமக்குக் கால்தான். மலாயில் காக்கி என்பதும் அவ்வாறே. எனவே “கால் வலி”, “சாக்கிட் காக்கி” என்னும் சொற்கள் ஏட்டில் ஏறினால், அவற்றைக் குறியீடாக மாற்றும் அலுவலருக்கு எம் 79.6 என்னும் பொதுப்பெயரைத் தவிர வேறு வழி இல்லை. மருத்துவமனையின் பதிவேட்டுப் பிரிவில் அமர்ந்து இப்பணியைச் செய்பவர் நோயாளியைப் பார்ப்பதில்லை. ஏட்டில் உள்ள சொற்களைத்தான் அவர் பார்க்கிறார். எழுதப்படாத ஒன்றை ஊகித்துக் குறிப்பது அவருடைய வேலை அன்று. அப்படி ஊகிப்பாராயின் அது தவறுமாகும்.

இனி எஸ் 76 என்னும் பிரிவின் உள்ளே நுழைவோம். அதில் முதலாவதான 76.0 இடுப்பைச் சார்ந்த தசைகளைக் குறிக்கும். 76.1 என்பது தொடையின் முன்புறத்தில் உள்ள நாற்றலைத் தசையையும் அதன் நாணையும் குறிப்பது. நான்கு தலைகளாகத் தொடங்கி, முழங்கால் சில்லின் மேல் ஒரே நாணாகக் கூடும் இத்தசைதான் மடக்கிய முழங்காலை நீட்டுவது. முழங்கால் சில்லுக்குக் கீழே உள்ள நாணும் இக்குறியீட்டுக்குள்ளேயே அடங்குகிறது என்பது பலருக்கு வியப்பளிக்கலாம். வலி முழங்காலில், குறியீடோ தொடையின் கணக்கில்.

இவ்வியப்பு வெறும் ஏட்டு வியப்பு அன்று. மேட்டிலிருந்து இறங்கும்போது கால் சறுக்கி, முழங்கால் மடங்கிய நிலையில் உடலின் பாரம் முழுவதும் அதன் மேல் விழுந்தால், நாற்றலைத் தசையின் நாண் அறுந்துபோகலாம். நாற்பது வயதைக் கடந்தோர்க்கு இது நேருவது மிகுதி. நீரிழிவோ சிறுநீரகக் கோளாறோ உடையவர்களுக்கு நாண் முன்னமே நலிந்திருக்கக் கூடும். எலும்பு முறியாததால் எக்ஸ்ரே படத்தில் முறிவு தெரியாது. வீக்கம் இருக்கும், நீவிப் பார்த்தால் சில்லுக்கு மேலே ஒரு பள்ளம் தட்டுப்படும். “முட்டியில் அடி” என்று எழுதி வலி மாத்திரையுடன் அனுப்பிவிட்டால் காயம் மறைந்துவிடுகிறது. இவ்வகைக் காயம் முதல் சோதனையில் தவறிப்போவது மருத்துவ உலகம் நன்கறிந்த செய்தியே. இதனைக் கண்டறிய எளிய வழி ஒன்று உண்டு. மல்லாந்து படுத்து, முழங்காலை மடக்காமல் காலை மேலே தூக்கச் சொல்ல வேண்டும். முழுவதும் நாண் அறுந்தவரால் அது இயலாது. அறுந்த நாணை முதல் சில வாரங்களுக்குள் அறுவைச் சிகிச்சையால் தைத்தால் கால் நன்கு தேறும். மாதக் கணக்கில் தள்ளிப்போனால் தசை மேலே சுருங்கிக்கொண்டு, தைப்பதே கடினமாகிவிடும். ஒரு சொல் விடுபட்டதால் ஒரு கால் நொண்டியாவது என்பது இப்படித்தான்.

76.2 உட்தொடைத் தசைகளுக்கு உரியது. வழுக்கும் பலகைப் பாலத்தில் ஒரு கால் பக்கவாட்டில் நழுவும்போது இவை இழுபடும். 76.3 பின்தொடைத் தசைகளுக்கு உரியது. நாம் உட்காரும்போது தரையில் பதியும் இடுப்பு எலும்பின் முனையிலிருந்து புறப்பட்டு, முழங்காலுக்குக் கீழே சென்று ஒட்டுபவை இவை. குனிந்து பாரம் தூக்கியபடி முன்கால் திடீரென வழுக்கினால், இடுப்பு மடங்கியும் முழங்கால் நீண்டும் போகும் அந்நொடியில் இத்தசைகள் தம் எல்லைக்கு அப்பால் இழுக்கப்பட்டுக் கிழிகின்றன. “பின்னாலிருந்து யாரோ கல்லால் அடித்தது போல் இருந்தது” என்று இக்காயம் பட்டோர் கூறுவது வழக்கம். இருபது கிலோவுக்கும் மேற்பட்ட செம்பனைக் குலையை இரும்புக் கம்பியால் குத்தித் தூக்கி வண்டியில் எறிவோருக்கும், விடியுமுன் ஈரச் சரிவுகளில் பால் வெட்டி, தோளில் தடியிட்டு வாளிகளைச் சுமந்தோருக்கும் இதனை நாம் விளக்கிக் கூறத் தேவையில்லை.

76.4 என்பது தொடையின் பிற தசைகளுக்கும், இன்னது என்று குறிப்பிடப்படாதவற்றிற்கும் பொதுவானது. வீட்டில் எல்லாப் பொருளையும் போட்டு வைக்கும் பழைய இழுப்பறை ஒன்று இருக்குமல்லவா, அது போன்றது இது. இதில் விழும் காயங்கள் பெருகப் பெருக, எந்த வேலையில் எந்தத் தசை கிழிகிறது என்பதை அறியும் வாய்ப்பு குறையும். ஒன்றுக்கு மேற்பட்ட தசைகள் காயமுற்றிருந்தால் 76.7. உளி பாய்ந்து தொடையின் தோலும் தசையும் ஒருங்கே வெட்டுப்பட்டால், பிளந்த காயத்திற்கான எஸ் 71.1, தசைக்கான எஸ் 76 ஆகிய இரண்டுமே இடப்பட வேண்டும். மேலே தையல் போட்டதை மட்டும் எழுதிவிட்டு உள்ளே வெட்டுப்பட்ட தசையை விட்டுவிடுதல் பாதிக் கதை சொல்வதற்கு ஒப்பாகும்.

அமெரிக்காவில் ஏழு இடங்கள் வரை நீளும் குறியீடு வழங்குகிறது. இடக்காலா வலக்காலா, கிழிசலா வெட்டா, முதல் சிகிச்சையா தொடர் சிகிச்சையா என்பதெல்லாம் அதில் தெரிந்துவிடும். கைப்பேசியில் தேடும் இளைஞர்கள் அதனைக் கண்டு, தம் தகப்பனாரின் தாளில் இலக்கங்கள் குறைகின்றனவே என்று ஐயுற வேண்டாம். உலகச் சுகாதார நிறுவனத்தின் பொது வடிவில் எந்தப் பக்கத்துக் கால் என்பதற்கு இடமில்லை. அதனாலேயே அதனைச் சொற்களில் எழுதி வைப்பது மேலும் தேவையாகிறது.

இப்போது இக்கட்டுரையின் மையத்திற்கு வருகிறோம். எஸ் என்னும் எழுத்து ஒரு காயத்தைக் குறிக்கிறது என்றோம். எம் என்னும் எழுத்தோ தசை, எலும்பு, மூட்டு ஆகியவற்றின் நோய்களுக்கு உரியது. தேய்மானம், நாட்பட்ட அழற்சி, காரணம் புலப்படாத வலி ஆகியவை அதன்கீழ் வரும். ஒருவருடைய தொடைத் தசை ஒரு குறிப்பிட்ட நாளில், ஒரு குறிப்பிட்ட வேலையின்போது கிழிந்தது என்றால் அது எஸ். பல மாதங்களாக அங்கே வலி இருந்து வருகிறது என்றால் அது பெரும்பாலும் எம். “ரொம்ப நாளா கால் வலிங்க, டிரெசர் ஐயா, நேத்து கொஞ்சம் கூடிப்போச்சு” என்று பணிவின் பொருட்டோ பழக்கத்தின் பொருட்டோ ஒருவர் சொல்லிவிட்டால், நேற்று அவருக்கு நேர்ந்த விபத்து அச்சொற்களுக்குள் புதைந்துபோகிறது. ஏட்டைப் படிப்பவருக்கு அது நேற்றைய காயமாகத் தெரியாது; பழைய நோயாகவே தெரியும்.

இதன் விளைவு சம்பளத்தைத் தொடும். 1969ஆம் ஆண்டுத் தொழிலாளர் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் அமைந்து, 1971 முதல் இயங்கி வரும் சொக்சோ நிறுவனத்தின் வேலைக் காயத் திட்டம், வேலையின்போதும் வேலையின் காரணமாகவும் நேர்ந்த விபத்துகளுக்கு உரியது. வீட்டிலிருந்து வேலைக்குச் செல்லும் வழியிலும் திரும்பும் வழியிலும் நேர்வனவும் அதில் அடங்கும். விபத்து நடந்த நாளையும் சேர்த்து நான்கு நாட்களுக்குக் குறையாமல் மருத்துவ விடுப்பு வழங்கப்பட்டால், தற்காலிக ஊனத்திற்கான உதவித் தொகை கிடைக்கும். நாள் ஊதியத்தின் எண்பது விழுக்காடு என்பது அதன் அளவு. 2019ஆம் ஆண்டு சனவரி முதல், இந்தோனேசியா, வங்காளதேசம் முதலிய நாடுகளிலிருந்து முறையாக வந்து நம் தோட்டங்களில் உழைப்போரும் இத்திட்டத்திற்குள் கொண்டுவரப்பட்டுள்ளனர். விபத்து நடந்ததை அறிந்த நாற்பத்தெட்டு மணி நேரத்திற்குள் முதலாளி அதனைத் தெரிவிக்க வேண்டும் என்பது விதி.

குறியீடு ஒன்றே கோரிக்கையைத் தீர்மானித்துவிடும் என்று நாம் கூறவில்லை. விபத்து அறிக்கை, மருத்துவச் சான்று, சாட்சிகளின் கூற்று, வருகைப் பதிவு ஆகிய யாவும் பார்க்கப்படும். ஆயினும் விபத்து அறிக்கை ஒன்றைச் சொல்ல, மருத்துவ ஏடு வேறொன்றைச் சொன்னால் கேள்விகள் எழும். கேள்விகளுக்கு விடை தேட மாதங்கள் ஆகும். அம்மாதங்களில் குடும்பம் நடத்துவது தொழிலாளியின் மனைவிதான்.

எஸ் குறியீட்டோடு இணைத்து எழுதப்படும் மற்றொரு குறியீடு, காயம் எப்படி நேர்ந்தது என்பதைச் சொல்வது. அளவுக்கு மீறிப் பாரம் தூக்கியதாலோ வலிந்து இயங்கியதாலோ எனில் எக்ஸ் 50. சறுக்கி விழுந்ததால் எனில் டபிள்யூ 01. உளி போன்ற கைக்கருவி பட்டதால் எனில் டபிள்யூ 27. புள்ளிக்குப் பின் வரும் இலக்கம் இடத்தைக் காட்டும். பயிர் நிலத்துக்கு 7. விளையாட்டுத் திடலுக்கு 3. குடியிருக்கும் வீட்டுக்கு 0. அதனையும் தொடர்ந்து, அவ்வேளையில் என்ன செய்துகொண்டிருந்தார் என்பதற்கு ஓர் இலக்கம் உண்டு. ஊதியத்திற்கு வேலை செய்தவருக்கு 2, விளையாடியவருக்கு 0. ஆகவே குலை ஏற்றும்போது பின்தொடை கிழிந்தவரும், ஞாயிற்றுக்கிழமை தோட்டத்துத் திடலில் பந்தாடும்போது பின்தொடை கிழிந்தவரும் ஒரே எஸ் 76.3ஐப் பெற்றாலும், அடுத்து வரும் இலக்கங்களில் பிரிந்துவிடுகிறார்கள். பந்தாட்டத்தில் பட்டதைத் திங்கட்கிழமை வேலைக் காயமாகச் சொல்லும் பழக்கம் சில இடங்களில் உண்டு என்பதை நாம் மறைக்க வேண்டியதில்லை. பொய்க் கோரிக்கை சட்டப்படி குற்றம். அதனினும் கொடியது, அத்தகைய ஒரு பொய் வெளிப்பட்ட தோட்டத்தில், அடுத்து உண்மையாகவே அடிபட்டு வருபவரையும் ஐயக் கண்ணோடு பார்க்கும் நிலை ஏற்பட்டுவிடுவது.

காயம் ஆறிய பின்னரும் கால் முன்போல் மடங்காமலோ, வலிமை குன்றியோ இருந்தால், அதற்கும் குறியீடு உண்டு. கீழ்க்காலையும் தொடையையும் உள்ளடக்கிய தசை, தசைநாண் காயத்தின் பின்விளைவு என்பது டி 93.5 ஆகும். நிரந்தர ஊனத்தின் அளவைச் சொக்சோவின் மருத்துவர் குழு மதிப்பிடும்போது, இன்றைய நொண்டலுக்கும் அன்றைய விபத்துக்கும் உள்ள தொடர்பை ஏடுகளின் வழியே காட்ட வேண்டியிருக்கும். முதல் நாள் ஏட்டில் “கால் வலி” என்று மட்டும் இருந்தால், பின்விளைவு எதற்குப் பின்விளைவு? இந்நிறுவனம் 2014ஆம் ஆண்டில் மலாக்காவில் மறுவாழ்வு மையம் ஒன்றையும் திறந்துள்ளது. காயமுற்ற தொழிலாளர்களைப் பயிற்சியளித்து மீண்டும் வேலைக்குத் திருப்புவது அதன் நோக்கம்.

தோட்ட மருந்தகத்தைப் பற்றியும் சில சொற்கள் கூற வேண்டும். டிரெசர் என்று நம் மக்கள் அன்போடு அழைக்கும் தோட்ட மருத்துவ உதவியாளர்களைப் பதிவு செய்வதற்கென 1965ஆம் ஆண்டிலேயே தனிச் சட்டம் இயற்றப்பட்டது. காலையில் வரிசையாக நிற்கும் கூட்டத்திற்கு நடுவே அவர் நீண்ட குறிப்பு எழுத இயலாது என்பதை அறிவோம். குறியீட்டை அவர் மனப்பாடம் செய்ய வேண்டுமென்று எவரும் எதிர்பார்ப்பதுமில்லை. இடத் தொடையா வலத் தொடையா, முன்புறமா பின்புறமா உட்புறமா, எத்தனை மணிக்கு எந்த வேலையில் என்று ஒரே வரி எழுதினால் போதும். மாவட்ட மருத்துவமனைக்கு அனுப்பும் கடிதத்தில் அவ்வரி இருந்துவிட்டால், பிறகு அதன் மேல் ஏறும் குறியீடுகள் பெரும்பாலும் நேராகவே அமையும்.

அடிபட்டவர் செய்யக் கூடாதது ஒன்று உண்டு. எண்ணெய் தடவி அழுத்தி உருவுதல் நம்மிடையே பழைய வழக்கம். கிழிந்த தசையை முதல் சில நாட்களில் அப்படி உருவினால் இரத்தக் கசிவு பெருகும். பலமாக அடிபட்டுக் கன்றிய தொடைத் தசைக்குள் பின்னர் எலும்பு போன்ற கடினப் பொருள் வளர்ந்துவிடுவதும் உண்டு. அதற்கும் எம் 61.0 என்று தனிக் குறியீடு இருக்கிறது. குளிர்ந்த ஒத்தடம், அளவான கட்டு, காலை உயர்த்தி வைத்தல் ஆகியவற்றோடு மருந்தகத்திற்குச் செல்வதே முறை. தொடை மிகவும் இறுகி வீங்கி, வலி தாங்க முடியாமல் பெருகி, பாதம் மரத்துப்போகுமானால், விடியும்வரை காத்திராமல் மருத்துவமனைக்கு விரைய வேண்டும்.

மருத்துவமனையில் தமிழ் தெரிந்தவர் இல்லாதபோது பயன்படும் சில மலாய்ச் சொற்களை இங்கே தருகிறோம். தொடைக்குப் பாஹா, தசைக்கு ஓத்தோட், தசைநாணுக்குத் தெண்டன். கீரி என்றால் இடது. கானான் என்றால் வலது. டெப்பான் முன்புறம், பெலாக்காங் பின்புறம், டாலாம் உட்புறம். சாக்கிட் காக்கி என்பதற்குப் பதிலாக, “ஓத்தோட் பாஹா கீரி, பஹாகியான் பெலாக்காங், மாசா ஆங்காட் புவா சாவிட்” என்று ஒருவர் சொன்னால், செம்பனைக் குலை தூக்கும்போது இடத் தொடையின் பின்புறத் தசையில் பட்ட காயம் என்பது கேட்பவருக்கு விளங்கிவிடும். எழுதுபவர் எழுத வேண்டியதும் அதில் முழுமையாக அடங்கியிருக்கும்.